டிரைவர் கௌஸின் நோட்டுப் புத்தகம்

6 செப்டம்பர் 1970, ஞாயிறு. ஈப்போ

நேற்று பாகான் டத்தோவில் ஒரு தென்னந்தோட்டத்துக்கு அரசாங்கத் தகவல் இலாகா வண்டியோடு போய்ப் படம் காட்டினோம். தோட்டத்துக் கணக்கு எழுதப் புதிதாக வந்திருக்கும் கிராணி என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "நீங்க படத்துல நடிக்கிறவரா?" என்று கேட்டார். இல்லை, பேசுகிறவன், பெயர் ராமையா என்றேன். அவருக்குப் புரியவில்லை. அரசாங்கப் படம் மலாயில் இருக்கும், தோட்டத்து ஜனங்களுக்குப் பாதிதான் ஏறும். அதனால் படத்தின் குரலைக் குறைத்துவிட்டு நான் மைக்கைப் பிடித்துத் தமிழில் சொல்வேன். கோழி வளர்ப்பு, கொசு ஒழிப்பு, இப்போது போன வாரம் நாட்டுக்கென்று அறிவித்த ஐந்து கோட்பாடுகள், எல்லாம் என் வாய் வழியாகத்தான் போகும். அது முடிந்த பிறகுதான் ஒரு தமிழ்ப் படம். தமிழ்ப் படம் இல்லையென்றால் ஒரு ஈ காக்கை வராது. பதினோரு வருஷமாக இதுதான் என் பிழைப்பு.

"எழுதிக் குடுத்ததத்தானே பேசுவீங்க?" என்றார் கிராணி.

இதை ஏன் கேட்டார்? போன வருஷம் மே மாத இனக் கலவரத்துக்குப் பிறகு யார் எதைக் கேட்டாலும் முதலில் இந்த 'ஏன்'தான் எனக்கு வருகிறது. பாராளுமன்றம் மூடிப் பதினாறு மாதம் ஆகிறது. மாகெரான் என்று ஒரு கவுன்சில் நாட்டை நடத்துகிறது. அவர்கள் தரும் தாளில் இருப்பதைத்தான் பேச வேண்டும். ஆனால் தாளை மட்டும் படித்தால் ஜனங்கள் எழுந்து போய்விடுவார்கள். கொஞ்சம் உப்புப் புளி சேர்த்தால்தான் உட்காருவார்கள்.

திரும்பி வரும்போது வண்டியில் டேப்பைப் போட்டுக் கேட்டேன். மெஷின் ஓட்டும் சன்னாசி எனக்காக ஒவ்வொரு முறையும் மைக்கோடு டேப்பையும் இணைத்துவிடுவான். என் குரலை நானே கேட்பதில் எனக்கு ஓர் ஆசை. சொல்ல வெட்கம்தான். டேப் ஆபீஸ் சொத்து. திங்கட்கிழமை ரீல் டப்பாக்களோடு சேர்த்துக் கொடுத்துவிடுவேன், அழித்துவிட்டுத் திருப்பித் தருவார்கள்.

9 செப்டம்பர், புதன்

புது டிரைவர் முகம்மது கௌஸ் சேர்ந்து இரண்டு மாதம் ஆகிறது. ஊர் தஞ்சாவூர்ப் பக்கம், நாற்பது வயது இருக்கும். குடியுரிமை இல்லாதவர்களுக்குக் கொடுக்கிற சிவப்புக் கார்டு, தினக்கூலி. நல்ல மனிதர் என்று சன்னாசி சொல்கிறான். நல்ல மனிதர்தான், ஆனால் பேசமாட்டேன் என்கிறாரே. படம் ஓடும்போது மற்ற டிரைவர்கள் தூங்குவார்கள். இவர் வண்டிப் படியில் உட்கார்ந்து, டார்ச்சைத் தொடையில் வைத்துக்கொண்டு, ஒரு சின்ன நோட்டில் எழுதிக்கொண்டே இருக்கிறார். நான் பேசும்போதும் எழுதுகிறார். டிரைவருக்கு எழுத என்ன இருக்கிறது?

"என்ன எழுதுறீங்க?" என்று கேட்டேன்.

"சும்மாலா அண்ணே" என்று நோட்டைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டார்.

சும்மா எழுதுகிறவனை நான் பார்த்ததில்லை.

17 செப்டம்பர், வியாழன்

நேற்று சித்தியவான், ஏழாங்கட்டைத் தோட்டம். நல்ல கூட்டம். கோட்பாடுகள் படம் முடிந்து, தமிழ்ப் படத்துக்குச் சன்னாசி ரீல் மாற்றிக்கொண்டிருந்தான். முன்வரிசையிலிருந்து அப்பாவு என்கிற வயசாளி எழுந்தார். முப்பது வருஷமாக ரப்பர் பால்வெட்டு. சிவப்புக் கார்டு என்பதால் வேலை பெர்மிட்டு கொடுக்கவில்லையாம்.

"தம்பி, கோட்பாடெல்லாம் சரி. எனக்கு ஏன் பெர்மிட்டு இல்லன்னு யாருகிட்ட கேக்கிறது?"

தாளில் இதற்குப் பதில் இல்லை. மைக் என் கையில் இருந்தது. வாய் தானாகப் போய்விட்டது.

"கேட்டா பதில் சொல்ற எடம் பூட்டிக் கெடக்கு அண்ணே. தொறக்கிற வரைக்கும் படம் பாருங்க."

எல்லோரும் சிரித்தார்கள். கைதட்டினார்கள். அப்பாவுவும் சிரித்தார். எனக்கு உச்சி குளிர்ந்துபோனது, மறுப்பதற்கில்லை. திரும்பிப் பார்த்தால் கௌஸ் தலையைக் குனிந்து எழுதிக்கொண்டிருக்கிறார். சீக்கிரம் படத்தைப் போடு என்று சன்னாசியை விரட்டினேன்.

23 செப்டம்பர், புதன்

பிரதமர் மாறிவிட்டார். காலையிலிருந்து வானொலியில் அதே பேச்சு. "அப்ப என் பெர்மிட்டு?" என்று கேட்டாள் என் மனைவி காளியம்மா.

28 செப்டம்பர், திங்கள்

ஆபீஸ் மேலதிகாரி, எங்கள் துவான், கூப்பிட்டனுப்பினார். மேசை மேல் மலாயில் டைப் அடித்த ஒரு தாள். அதில் என் பேச்சு. பூட்டிக் கிடக்கிற இடம், படம் பாருங்கள், எல்லாம் அட்சரம் பிசகாமல். 'கூட்டம் சிரித்தது' என்று அடைப்புக்குறிக்குள் வேறு போட்டிருந்தது.

இது உன் பேச்சுதானா என்று கேட்டார். ஆமாம் என்றேன். வேறு என்ன சொல்ல? அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் பரவாயில்லை. தண்ணீர் குடித்துவிட்டு, "உன் மனைவி குடியுரிமைக்கு விண்ணப்பம் போட்டிருக்கிறாள் அல்லவா? எல்லாம் ஒரே அரசாங்கம்தான், ராமையா" என்றார்.

காளியம்மா ஆறு வயதில் கப்பலில் வந்தவள். வந்த நாளிலிருந்து சிவப்புக் கார்டுதான். ரப்பர் ஆலையில் அவளுடைய வேலை பெர்மிட்டு மார்ச் மாதத்தோடு முடிகிறது. அதற்குள் குடியுரிமையும் நீலக் கார்டும் கிடைக்காவிட்டால் ஆலையை விட்டு நிறுத்திவிடுவார்கள். அதற்குப் பிறகு என்ன? நான் இங்கே, அவள் அவளுக்கு ஞாபகமே இல்லாத ஏதோ ஒரு ஊரிலா?

அவளிடம் எதுவும் சொல்லவில்லை. வயிறு சரியில்லை என்று சொல்லிப் படுத்துவிட்டேன்.

29 செப்டம்பர், செவ்வாய்

யார்?

சன்னாசிக்கு மலாய் மீன் வாங்கும் அளவுக்குத்தான் வரும். என் பேச்சை வரி பிசகாமல் மலாயில் சொல்ல அவனால் ஆகாது. தோட்டத்தில் யாராவது? தோட்டத்து ஆள் சித்தியவானிலிருந்து ஈப்போவுக்கு வந்து துவானைப் பார்ப்பானா? கௌஸ் மலாயைத் தண்ணீர் மாதிரி பேசுவார். கூடவே அந்த நோட்டு. பன்னிரண்டு நாள் கழித்து வந்த தாளில் ஒரு சொல் பிசகவில்லை என்றால், அந்த நேரத்திலேயே எழுதி வைத்தவன்தான் கொடுத்திருக்க வேண்டும். அவருக்கும் பெர்மிட்டு புதுப்பிக்க வேண்டும். நிரந்தர வேலை வேண்டும். என்னை விற்றால் அது கிடைக்கும்.

8 அக்டோபர், வியாழன்

பார்த்துவிட்டேன்.

கமுந்திங் போகும் வழியில் கௌஸ் தொழுகைக்கு இறங்கினார். சட்டையைக் கழற்றி வேறு சட்டை மாற்றிக்கொண்டு போனார். நோட்டு கழற்றிய சட்டையில் இருந்தது. எடுத்தேன். முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம் வரை வலமிருந்து இடமாக எழுத்து. ஜாவி. மலாய்க்காரர்கள் எழுதுகிற அதே அரபு எழுத்து. எனக்கு அதில் ஒரு புள்ளிகூடப் படிக்க வராது. துவானுக்கு வரும்.

இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்?

அவர் திரும்பி வந்து, "பசியா இருக்கா அண்ணே? ரொட்டி வாங்கட்டா?" என்றார். எப்படித்தான் முகத்தை அப்படி வைத்துக்கொள்ள முடிகிறதோ.

12 அக்டோபர், திங்கள்

துவானிடம் எழுத்தில் கொடுத்துவிட்டேன். என்னைப் பற்றிச் சொன்னவனின் யோக்கியதை அவருக்கும் தெரியட்டும். நான்கே வரி. ஓட்டுநர் முகம்மது கௌஸ், சிவப்புக் கார்டுக்காரர், தோட்டத்து ஆட்களோடு பெர்மிட்டு பற்றிப் பேசுகிறார். படம் நடக்கும்போது ஜாவியில் ரகசியமாகக் குறிப்பு எடுக்கிறார். யாருக்காக என்று தெரியவில்லை. இப்படிக்கு.

பெர்மிட்டு பற்றி அவர் பேசியதை நான் பார்த்ததில்லை. பேசியிருப்பார்.

"என்ன குறிப்பு?" என்று துவான் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஒன்றும் தெரியாதவர் போல. நானும் ஒன்றும் தெரியாதவன் போல நின்றேன். துவான் நல்ல நடிகர்.

16 அக்டோபர், வெள்ளி

நேற்று சிலிம் ரிவர்ப் பக்கம். புதிதாக வந்த தமிழ்ப் படம், நல்ல படம். செய்யாத கொலைக்கு அண்ணன்காரன் கூண்டில் நிற்கிறான், தங்கை அழுகிறாள், நீதிபதி தீர்ப்பைக் கையில் எடுக்கிறார். அப்போது பார்த்து மழை கொட்டியது. கடைசி ரீல் போடவில்லை. ஜனங்கள் திட்டிக்கொண்டே போனார்கள். கௌஸ் நனைந்துகொண்டே எழுதி முடித்தார்.

19 அக்டோபர், திங்கள்

கௌஸை நிறுத்திவிட்டார்கள். நோட்டை வாங்கி வைத்துக்கொண்டார்களாம். சன்னாசிதான் வந்து சொன்னான்.

"துவானுக்கே படிக்க வரலயாம் அண்ணே. எழுத்து ஜாவி மாதிரி இருக்காம், ஆனா மலாய் இல்லயாம். ஏதோ ரகசிய எழுத்துன்னு பேசிக்கிறாங்க. விசாரணை முடியிற வரைக்கும் வேல கெடையாது."

நான் நினைத்ததைவிடப் பெரிய ஆள்தான் போலிருக்கிறது. துவானுக்கே படிக்க வராத எழுத்து என்றால்? அப்படியானால் என்னைப் பற்றிய தாள் எப்படி... வேண்டாம். இரண்டு விதமாகவும் எழுதுவாராக இருக்கும்.

எனக்கு மனசு லேசாக இருக்க வேண்டும். இல்லை.

15 நவம்பர், ஞாயிறு

காலையில் கதவைத் தட்டுகிற சத்தம். கௌஸ். நோன்பு மாதம், முகம் வற்றிப்போயிருந்தது. காளியம்மா காப்பி போட எழுந்தாள், பிறகு நோன்பு ஞாபகம் வந்து நின்றுவிட்டாள்.

ஒரு மனு எழுதித் தர வேண்டுமாம், மலாயில். வேலை இல்லாததால் பெர்மிட்டு புதுப்பிக்கவில்லை. மேல்முறையீடு செய்யாவிட்டால் ஊருக்கு அனுப்பிவிடுவார்கள்.

"உங்களுக்குத்தான் மலாய் எழுதத் தெரியுமே" என்றேன், முகத்தைப் பார்த்துக்கொண்டே.

"பேசத்தான் தெரியும் அண்ணே. அந்த நோட்டுல இருக்கிறது தமிழு. மதரசாவுல எங்களுக்கு அரபு எழுத்துதான் சொல்லிக் குடுத்தாங்க, அதுலயே தமிழ எழுதுவோம். நம்ம தமிழ் எழுத்து கூட்டிக் கூட்டிப் படிப்பேன், எழுத வராது. ஆபீசுல சொன்னா நம்ப மாட்டேங்கறாங்க."

தமிழை அரபு எழுத்தில் எழுதுவதா? என் காதில் பூச்சுற்றப் பார்க்கிறார். இல்லாவிட்டால் என்னை ஆழம் பார்க்கிறார். புகார் எழுதிக் கொடுத்தது நான்தான் என்று மோப்பம் பிடித்துவிட்டாரோ? மறுத்தால் சந்தேகம் உறுதியாகிவிடும் என்று மனுவை எழுதினேன். ஒரு பக்கம். இலக்கணம் சரியாக, உயிர் இல்லாமல். இருபது வருஷம் இந்த நாட்டில் இருக்கிறார் என்று எழுதினேன். நல்லவர் என்று எழுதவில்லை.

அவர் அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

"பாவம்லா அந்த மனுசன்" என்றாள் காளியம்மா, அவர் போன பிறகு. உனக்கு என்ன தெரியும் என்று வள்ளென்று விழுந்தேன்.

14 ஜனவரி 1971, வியாழன்

பொங்கல். காளியம்மாவின் நேர்காணல் கடிதம் வந்துவிட்டது. 25ஆம் தேதி. மலாயில் கேள்வி கேட்பார்கள். ஐந்து கோட்பாடுகளையும் மனப்பாடம் பண்ணுகிறாள். பொங்கல் பொங்கும்போதும் அதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தாள்.

26 ஜனவரி, செவ்வாய்

தேறிவிட்டாள். பிப்ரவரி 16 சத்தியப் பிரமாணம், அன்றைக்கே நீலக் கார்டு. ஆலையில் எல்லோருக்கும் பலகாரம் வாங்கிக்கொண்டு போனாள். நான் கொடுத்த நான்கு வரி வேலை செய்திருக்கிறது என்று நினைத்தேன். நினைத்ததை எழுதுகிறேன், அவ்வளவுதான்.

3 பிப்ரவரி, புதன்

கை ஓடவில்லை.

இன்று ஆபீஸில் ரீல் டப்பா வைக்கிற அறைக்குப் பக்கத்து அறையில் என் குரல் கேட்டது. ஏழெட்டு மாதமாக மூடியே இருக்கிற அறை. கதவைத் தள்ளினேன். நவமணி என்கிற பெண், காதுக்குழலைக் கழற்றி வைத்துவிட்டு டைப் அடித்துக்கொண்டிருந்தாள். மேசையில் டேப் மெஷின் சுற்றுகிறது. நான் பேசுகிறேன். கிராம வளர்ச்சிப் படம், போன வாரம் தாப்பாவில் பேசியது.

"வாங்க அண்ணே. ஒங்க கொரலத்தான் தெனமும் கேக்குறேன். ஜூலையிலேருந்து எனக்கு இதான் வேல. தமிழ்ல வர்ற டேப்பெல்லாம் மலாயில எழுதணும். நீங்க பேசுனா மட்டும் அலுக்காதுலா. சிரிப்ப அடக்கிட்டு டைப் அடிக்கணும்."

"டேப்ப அழிச்சிருவாங்கன்னு..."

"அழிப்பாங்க, நான் எழுதி முடிச்சதும். ஏன் அண்ணே? நீங்கதானே வாரா வாரம் டப்பாவுல வச்சுக் குடுக்குறீங்க. ஒங்களுக்குத் தெரியாதா?"

நானேதான். ஒவ்வொரு திங்கட்கிழமையும் என் கையாலேயே. யாரும் கேட்கவில்லை, யாரும் கட்டாயப்படுத்தவில்லை. என் குரலைக் கேட்கிற ஆசையில் நானே பிடித்து, நானே டப்பாவில் வைத்து, நானே கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறேன். மற்ற பேச்சாளர்கள் யாரும் டேப் பிடிப்பதில்லையாம். "நீங்க ஒருத்தர்தான் அண்ணே ஒழுங்கா குடுக்கிறீங்க" என்றாள் அந்தப் பெண்.

அடப்பாவி. அடப்பாவி ராமையா.

7 பிப்ரவரி, ஞாயிறு

கௌஸ் வீட்டுக்குப் போனேன். கிந்தா ஆற்றுக்கு அந்தப் பக்கம் பலகை வீடு. அவர் இல்லை. ஜைனுலாப்தீன் சாப்பாட்டுக் கடைக்கு மூட்டை இறக்கப் போயிருக்கிறாராம். அவர் மனைவி ஜைனப் கதவுத் திரைக்கு அந்தப் பக்கம் நின்று பேசினாள். யார் என்று சொன்னேன்.

"ராமையா அண்ணனா? மைக்குல பேசுறவங்களா? நீங்க பேசுனதெல்லாம் நான் படிச்சிருக்கேன்."

உள்ளே போய் நான்கு நோட்டுகளை எடுத்து வந்தாள். ஐந்தாவதை ஆபீஸில் வாங்கிக்கொண்டார்கள் என்றாள்.

"நான் ஒரு படமும் பார்த்ததில்லண்ணே. எங்க வீட்டுப் பொம்பளைங்க கொட்டகைக்குப் போற பழக்கமில்ல. அவங்க வேலைக்குச் சேர்ந்ததிலேருந்து தெனமும் எழுதிக்கிட்டு வருவாங்க. கதை, பாட்டு, நீங்க சொல்ற வேடிக்கை, எல்லாம். நான் மறுநாள் ஒக்காந்து படிப்பேன்."

ஒரு பக்கத்தைப் புரட்டி வலமிருந்து இடமாக விரலை ஓட்டிப் படித்தாள். "'கொசுவும் கூட்டுக் குடும்பந்தான், ஒண்ண வெரட்டினா ஒம்பது வரும்.' இது நீங்கதானே?"

நான்தான். ஆகஸ்டில், கோப்பேங் பக்கம் ஒரு தோட்டத்தில். அந்த அரபு எழுத்துக்குள்ளே இருந்து என் தமிழ் வந்துகொண்டிருந்தது. நான் சொல்லி மறந்ததெல்லாம் வந்தது. பூட்டிக் கிடக்கிற இடமும் வந்தது. அதற்கு அவள் இரண்டு நாள் சிரித்தாளாம்.

சொல்லியிருக்க வேண்டும். அங்கேயே, அந்தத் திரைக்கு முன்னாலேயே. அவள் தேத்தண்ணி வைத்தாள். குடித்துவிட்டு வந்துவிட்டேன்.

8 பிப்ரவரி, திங்கள்

எழுதிவிட்டேன். அக்டோபர் 12 அன்று நான் கொடுத்தது தவறு. நோட்டில் இருப்பது தமிழ், மனைவி படிப்பதற்காக எழுதிய படக்கதைகள். பெர்மிட்டு பற்றி அவர் பேசியதை நான் பார்த்ததில்லை. கையெழுத்தும் போட்டாகிவிட்டது. உறையில் இருக்கிறது.

துவான் கேட்பார்: பொய் எழுதிக் கொடுத்தாயா? கேட்டால் என் பழைய தாளும் வெளியே வரும். காளியம்மாவின் கோப்பும் வெளியே வரும். 16ஆம் தேதிக்கு எட்டு நாள். எட்டே நாள்.

கௌஸின் மேல்முறையீடு எப்படியும் மார்ச் வரை இழுக்கும் என்று சன்னாசி சொன்னான். சன்னாசிக்கு என்ன தெரியும்? ஆனாலும் அவன் சொன்னதை நம்பினேன். இத்தனை மாதமாக யார் சொன்னதையும் நம்பாதவன் இதை மட்டும் நம்பினேன்.

11 பிப்ரவரி, வியாழன்

உறை சட்டைப்பையில். துவான் அறை வாசல் வரை போனேன். உள்ளே யாரோ இருந்தார்கள். அது நல்லதாகப் போயிற்று என்று திரும்பிவிட்டேன்.

16 பிப்ரவரி, செவ்வாய்

காளியம்மா நீலக் கார்டு வாங்கிவிட்டாள். கையை உயர்த்திச் சத்தியம் சொல்லும்போது குரல் நடுங்கவே இல்லை. வெளியே வந்து, "இனிமே யாரும் போன்னு சொல்ல முடியாதுல்ல?" என்று கேட்டாள். முடியாது என்றேன்.

17 பிப்ரவரி, புதன்

காலை எட்டு மணிக்கே துவான் முன்னால் உறையை வைத்தேன். இரண்டு முறை படித்தார். பிறகு எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றார்.

"கௌஸின் மனுவுக்கு எங்கள் கருத்தைக் கேட்டிருந்தார்கள். ஆதரிக்கவில்லை என்று எழுதிய கடிதம் கோலாலம்பூருக்குப் போய்விட்டது. வெள்ளிக்கிழமை போனது. போன வாரம் வந்திருந்தால் இதையும் சேர்த்துக் குத்தி அனுப்பியிருப்பேன்."

வெள்ளிக்கிழமை. 12ஆம் தேதி. நான் வாசல் வரை போய்த் திரும்பியதற்கு மறுநாள்.

திரும்ப எழுதலாமே என்றேன். எழுதுகிறேன், ஆனால் முடிந்த கோப்பை அங்கே யாரும் திறக்கமாட்டார்கள் என்றார். என்னை என்ன செய்வார் என்று நின்றேன். ஒன்றும் செய்யவில்லை. "சனிக்கிழமை பாராளுமன்றம் திறக்கிறது, அந்தப் படம் அடுத்த மாதம் வரும், தமிழில் நன்றாகப் பேச ஆள் வேண்டும், போ" என்றார்.

தண்டனைகூட இல்லை.

20 பிப்ரவரி, சனி

பாராளுமன்றம் திறந்துவிட்டது. சில விஷயங்களை மன்றத்துக்குள்ளேயும் கேள்வி கேட்கக் கூடாது என்று சட்டம் வரப்போகிறதாம். குடியுரிமையும் அதில் ஒன்று என்கிறார்கள்.

5 மார்ச், வெள்ளி

கௌஸுக்குக் கடிதம் வந்துவிட்டது. இரண்டு வாரத்துக்குள் கிளம்ப வேண்டும். காளியம்மா ஆலையில் கேள்விப்பட்டு வந்து சொன்னாள். அப்போதுதான் எல்லாவற்றையும் அவளிடம் சொன்னேன். நோட்டு, நான்கு வரி, டேப், உறை, எட்டு நாள். சொல்லி முடிக்கிறவரை பாத்திரம் விளக்குவதை நிறுத்தவில்லை.

"உனக்கு கார்டு கெடைக்கட்டும்னுதான்" என்றேன்.

"எனக்காகன்னு சொல்லாதீங்க. எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டீங்களா? கேட்டிருந்தா அன்னைக்கே ஒங்கள ஆபீசுக்கு வெரட்டியிருப்பேன். இப்ப இந்தக் கார்ட நான் எப்படிக் கையில புடிக்கிறது?"

பாத்திரங்களைக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போய்ப் படுத்துவிட்டாள்.

11 மார்ச், வியாழன்

நேற்று ஏழாங்கட்டைத் தோட்டம். பாராளுமன்றம் திறக்கும் படம். கூட்டம் பாதிதான். ஒரு லயத்தில் நாலைந்து வீடு பூட்டிக் கிடந்தது. அப்பாவு டிசம்பரிலேயே கப்பலேறிவிட்டாராம். தாளில் இருந்ததை மட்டும் படித்தேன். ஏதாவது கேள்வி இருக்கிறதா என்றேன். யாரும் எழுந்திருக்கவில்லை. ஒரு பெண், "தமிழ்ப் படத்தப் போடுங்கலா" என்றாள்.

18 மார்ச், வியாழன்

ஈப்போ ரயில் நிலையம். காளியம்மாவும் வருவேன் என்றாள். கௌஸும் ஜைனப்பும் பினாங்கு போய் அங்கிருந்து கப்பல். மூன்று பெட்டி, ஒரு பாய்ச்சுருள். நோட்டுகளை எந்தப் பெட்டியில் வைத்தார்களோ.

சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனேன். வழியெல்லாம் சொற்களை அடுக்கிக்கொண்டே போனேன். பதினோரு வருஷம் மைக்கில் பேசியவன். கௌஸ் என் கையைப் பிடித்துக்கொண்டு, "மனு எழுதிக் குடுத்தீங்களே அண்ணே, அதுவே பெரிசு" என்றார்.

தெரிந்து சொன்னாரா, தெரியாமல் சொன்னாரா? முகத்தை உற்றுப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. ரயில் வந்துவிட்டது. காளியம்மா ஜைனப்பைக் கட்டிக்கொண்டு அழுதாள். நான் பெட்டி ஏற்றிக் கொடுத்தேன்.

2 ஏப்ரல், வெள்ளி

டேப் பிடிக்க வேண்டாம் என்று போன வாரம் சன்னாசியிடம் சொன்னேன். இந்த வாரமே ஆபீஸிலிருந்து ஆள் வந்து ஏன் டேப் வரவில்லை என்று கேட்கிறான்.

22 ஆகஸ்டு 1971, ஞாயிறு

இந்தியாவிலிருந்து கடிதம். மேல்விலாசத்தை யாரோ ஆங்கிலத்தில் எழுதியிருந்தார்கள். உள்ளே இரண்டு பக்கம், எல்லாம் அந்த எழுத்து. அந்த எழுத்துப் படிக்கத் தெரிந்த ஜைனுலாப்தீன் காக்கா கடைக்குக் கொண்டுபோனேன். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு உரக்கப் படித்தார். நாலு மேசைக்காரர்கள் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டார்கள்.

ஜைனப் எழுதியது. சுகம். கௌஸ் லாரி ஓட்டுகிறார். காளியம்மா அக்காவை விசாரித்ததாகச் சொல்லவும். பிறகு: "மழை வந்து நின்றுபோன அந்தப் படத்தில் அந்த அண்ணனுக்கு என்ன தீர்ப்பு ஆனது? இங்கே கேட்டால் ஆளுக்கு ஒரு மாதிரி சொல்கிறார்கள். நோட்டு போய்விட்டாலும் கதை எனக்கு ஞாபகம் இருக்கிறது, எங்கள் வீட்டுக்காரர் வாயால் சொன்னார்கள். முடிவை மட்டும் நீங்கள் எழுத வேண்டும்." மேசைக்காரர்கள் சிரித்தார்கள்.

இரண்டாவது பக்கத்தைப் புரட்டினார் ஜைனுலாப்தீன். உதடு அசைந்தது, சத்தம் வரவில்லை. எட்டு வரி இருந்தது. எண்ணினேன். கடைசிவரை மனசுக்குள்ளேயே படித்தார். பிறகு கடிதத்தை மடித்து என் முன்னால் வைத்தார்.

"அவ்வளவுதான்" என்றார்.

"இன்னும் இருக்கே காக்கா."

"அவ்வளவுதான்லா. சலாம் சொல்லியிருக்காங்க."

நான் குடித்து முடிக்காத கோப்பையை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

24 ஆகஸ்டு, செவ்வாய்

வேறு யாரிடமாவது கொண்டுபோகலாமா என்று காளியம்மா கேட்டாள். வேண்டாம் என்றேன். யாரிடம் கொடுத்தாலும் அவர் சொல்வது உண்மையா என்று நான் பார்த்துக்கொண்டிருப்பேன். எட்டு வரிக்கு எண்பது அர்த்தம் பண்ணிவிட்டேன் இந்த இரண்டு நாளில்.

பிறகு வேறு தோட்டத்தில் முழுதாகப் பார்த்த அந்தப் படத்தின் முடிவை எழுதினேன். தீர்ப்பு வாசிக்கப் போகும்போது ஒருவன் ஓடி வந்து உண்மையைச் சொல்லிவிடுகிறான். அண்ணன் தப்பிவிடுகிறான். படத்தில் ஆள் நேரத்துக்கு வந்துவிடுகிறான் என்று எழுதினேன். பிறகு தனியாக ஒரு பக்கம், அக்டோபர் 12 முதல் பிப்ரவரி 17 வரை. எதையும் விடவில்லை, அந்த எட்டு நாளையும் விடவில்லை.

ஜைனப்புக்குத் தமிழ் எழுத்து வராது. கௌஸ்தான் கூட்டிக் கூட்டிப் படித்துக் காட்ட வேண்டும். அந்தப் பக்கம் வரும்போது உரக்கப் படிப்பாரா, மனசுக்குள் படித்துவிட்டு அவ்வளவுதான் என்று மடித்துவிடுவாரா, எனக்குத் தெரியப் போவதில்லை. மதியம் தபாலில் சேர்த்தேன்.